ஒலுவில் கரையில் சுட்ட கரட்



கல்முனையிலிருந்து அக்கரைப்பற்றுக்குப் போகும் பஸ்ஸில் ஏறினால் சாய்ந்தமருது, காரைதீவு, நிந்தவூர் என்று ஊர்கள் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டே வரும். ஒரு ஊர் எங்கே முடிகிறது, மறு ஊர் எங்கே தொடங்குகிறது என்று வெளியூர்க்காரருக்குத் தெரியாது. நிந்தவூரைத் தாண்டிக் களியோடைப் பாலத்தைக் கடந்தால் ஒலுவில். 1995இல் பல்கலைக்கழகக் கல்லூரியாகத் தொடங்கி, 1996இல் முழுமையான பல்கலைக்கழகமாகிய தென்கிழக்குப் பல்கலைக்கழகம் இங்கேதான் இருக்கிறது. பிரதான வீதியிலிருந்து கடற்பக்கமாகத் திரும்பினால் தென்னைகள், வெளிச்சவீடு, அப்பால் கருங்கல் அணைகள். அதுதான் ஒலுவில் துறைமுகம்.

இந்தத் துறைமுகத்தைப் பற்றிக் கொஞ்சம் தெரிந்துகொண்டு பிறகு அடுப்புப் பக்கம் வருவோம். கிழக்குக் கரையில் நமது பகுதிக்கு ஒரு துறைமுகம் வேண்டும் என்ற எண்ணத்தை முன்னின்று வளர்த்தவர் மர்ஹூம் எம்.எச்.எம். அஷ்ரப் அவர்கள். துறைமுகங்களுக்குப் பொறுப்பான அமைச்சராக இருந்த அவர், 2000ஆம் ஆண்டு செப்டம்பர் 16ஆம் திகதி ஹெலிகொப்டர் விபத்தில் வபாத்தானார். அவர் காலத்துக்குப் பிறகு, டென்மார்க் நாட்டுக் கடனுதவியுடன் 2008இல் கட்டுமானம் தொடங்கி, 2013 செப்டம்பரில் துறைமுகம் திறக்கப்பட்டது.

திறந்த கையோடு துன்பமும் தொடங்கியது. இந்தக் கரையோரமாகக் கடல் நீரோட்டம் மணலைத் தெற்கிலிருந்து வடக்காகக் கொண்டுபோகும். அணைகள் குறுக்கே நின்றதும் மணல் தெற்குப் பக்கத்திலும் துறைமுக வாயிலிலும் குவிந்தது. வடக்குப் பக்கக் கரைக்கு வரவேண்டிய மணல் வரவில்லை. கடல் அங்கே நிலத்தைத் தின்னத் தொடங்கியது. ஒலுவிலிலும் நிந்தவூரிலும் தென்னைகள் வேரோடு சாய்ந்தன. காணிகள் கடலோடு போயின. தோணியை ஏற்றி வைக்கவும் கரைவலை இழுக்கவும் இருந்த இடம் சுருங்கியது. வாயில் மணல் மூடிய காலங்களில் படகுகள் உள்ளே வரவும் முடியவில்லை, வெளியே போகவும் முடியவில்லை. பெருங் கப்பல்களுக்காக நினைத்துக் கட்டியது. அந்தக் கப்பல்கள் வரவில்லை.

ஆனாலும் அஸர் தொழுகைக்குப் பிறகு இந்தக் கரைக்கு மனிதர்கள் வருகிறார்கள். வெயில் தணிந்த நேரம் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு, பாயையும் பிளாஸ்க்கையும் தூக்கிக்கொண்டு வந்து உட்காருகிறார்கள். 2004 டிசம்பர் 26இன் சுனாமியில் இலங்கையிலேயே அதிக உயிர்களைப் பறிகொடுத்த மாவட்டம் நமது அம்பாறை. அந்தக் கடலின் முன்னே திரும்பவும் குடும்பத்தோடு உட்கார்ந்து சிரிப்பதற்கு ஒரு மனத்துணிவு வேண்டும். அந்தத் துணிவை அல்லாஹ் நமக்குத் தந்திருக்கிறான், அல்ஹம்துலில்லாஹ்.

இப்போது இந்த மாலைப் பயணங்களில் இன்னொரு பொருளும் சேர்ந்திருக்கிறது: பார்பிக்யூ அடுப்பு. சவூதியிலும் கத்தாரிலும் வேலை பார்த்துத் திரும்பியவர்கள் அங்கே வெள்ளி இரவுகளில் பார்த்த பழக்கம். கடையில் வாங்கிய அடுப்பு இல்லாவிட்டாலும் பரவாயில்லை. நாலு கல், ஒரு கம்பித் தட்டு, ஒரு சாக்குச் சிரட்டைக் கரி இருந்தால் போதும். ஆண்கள் வீசுபலகையை எடுத்துக்கொள்வார்கள். கோழிக்கும் பாரை மீனுக்கும் மசாலா பூசுவது முதல் நாளே நடந்துவிடும். சரி, மரக்கறிக்கு என்ன செய்தீர்கள்? இந்தக் கேள்வியைக் கேட்டால்தான் நமது ஞாபகத்துக்கே வரும். கடைசி நேரத்தில் நாலு வெங்காயத்தையும் தக்காளியையும் வட்டமாக வெட்டிப் பையில் போடுவோம்.

இந்த முறை போகும்போது ஒரு கிலோ கரட் எடுத்துக்கொண்டு போங்கள் என்று சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

யாருக்காக இந்தக் கரட்?

முதலில் பிள்ளைகளுக்காக. கரி தணலாக அரை மணி நேரம். மீன் வேக இன்னொரு கால் மணி நேரம். கோழி என்றால் அதைவிட அதிகம். அதுவரை பிள்ளைகள் பசியில் சிணுங்கிக்கொண்டே இருப்பார்கள். பிஸ்கட்டைக் கொடுத்து அடக்கினால் பிறகு சாப்பாடு இறங்காது.

அடுத்தது வீட்டு மூத்தவர்களுக்காக. உம்மாவுக்குச் சீனி வருத்தம், வாப்பாவுக்குக் கொலஸ்ட்ரோல் என்று இல்லாத வீடு இன்று குறைவு. அவர்கள் கோழித் தோலையும் ரொட்டியையும் பார்த்துக்கொண்டு, “எனக்கு வேணாம் மகள்” என்று ஓரமாக உட்கார்ந்திருப்பதைப் பார்த்திருப்பீர்கள்.

மூன்றாவது, விருந்தாளிக்காக. இதைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். இந்தக் கரையில் முஸ்லிம் ஊரும் தமிழ் ஊரும் மாறி மாறி வருகின்றன. உங்களோடு ஒரே பாடசாலையில் படிப்பிக்கும் காரைதீவு ஆசிரியை, ஒரே ஆஸ்பத்திரியில் வேலை செய்யும் அக்கரைப்பற்றுத் தமிழ்த் தாதி என்று நட்பு இல்லாதவர் யார்? யுத்த காலத்தில் ஊர்களுக்கிடையே எவ்வளவோ கசப்பு வந்தது. 2009இல் யுத்தம் முடிந்தது. கசப்பு முடிய இன்னும் நாளாகும். அப்படியான ஒரு தோழி உங்கள் அழைப்பை ஏற்று, பிள்ளைகளோடு ஒலுவில் கரைக்கு வருகிறாள். அன்று வெள்ளிக்கிழமை. வெள்ளியில் அவள் மச்சம் சாப்பிட மாட்டாள். நீங்கள் என்ன கொடுப்பீர்கள்?

“கரட் இருக்கிறதே, கோழிக்குப் பக்கத்தில் சுட்டது” என்று நீட்டினால் அவள் முகத்துக்காக வாங்கிக்கொள்ளலாம், தின்ன மாட்டாள். கோழியின் நெய் ஒழுகிய கம்பியில் கிடந்தது அவளுக்கு மரக்கறி அல்ல. நமக்கு இது விளங்காத விசயமா? வெளிநாட்டில் இருக்கும் நமது பிள்ளைகள் பூங்காக்களில் இருக்கும் பொது அடுப்புகளுக்குப் போனால் முதலில் என்ன கேட்கிறார்கள்? இந்தக் கம்பியில் இதற்கு முன் எதைச் சுட்டார்கள் என்றுதானே? அந்தக் கேள்வியை நாம் கேட்கும்போது நியாயம் என்று நினைக்கிறோம். அதே கேள்வி நமது அடுப்பின் முன்னே நிற்கும் அவளுக்கும் உண்டு. அவள் வாய் திறந்து கேட்பதற்கு முன்பே பதிலைத் தயாராக வைத்திருப்பதுதான் விருந்தோம்பல்.

ஆகவே வழக்கத்தை ஒரே ஒரு விதத்தில் மாற்றுங்கள். தணல் தயாரானதும் முதலில் கம்பிக்குப் போவது கரட். மீனும் கோழியும் பிறகு. முடிந்தால் கரட்டுக்கென்று சின்னதாகத் தனிக் கம்பித் தட்டும் தனி இடுக்கியும் வைத்துக்கொள்ளுங்கள், விலை அதிகமில்லை. இந்த ஒரு மாற்றத்தால் பிள்ளைகள் பசியாறுகிறார்கள், உம்மாவின் தட்டு நிறைகிறது, தோழி மன நிம்மதியோடு சாப்பிடுகிறாள். பச்சைக் கோழியின் நீர் மரக்கறியில் படுவதால் வரும் வயிற்றுக் கோளாறுக்கும் இடமில்லை.

மலையிலிருந்து கடலுக்கு

கரட் நமது மணலில் விளைவதில்லை. சுமார் 1,868 மீற்றர் உயரத்தில் இருக்கும் நுவரெலியாவிலும் வெலிமடைப் பக்கத்துச் சரிவுகளிலும் குளிரில் விளைந்து, லொறியில் கடற்கரைக்கு இறங்கி வருகிறது. 1848இல் சாமுவேல் பேக்கர் என்ற ஆங்கிலேயர் நுவரெலியாவில் குடியேறிப் பண்ணை அமைத்த காலத்திலிருந்து ஐரோப்பிய மரக்கறிகளுக்கு அந்த மலை பேர்போனது.

ஆனால் கரட் ஐரோப்பாவின் சொந்தப் பிள்ளை என்று நினைத்துவிடாதீர்கள். அதன் தாய்வீடு பாரசீகமும் ஆப்கானிஸ்தானமும் சேர்ந்த பகுதி. அன்று அதன் நிறம் ஊதாவும் மஞ்சளும். அரபு நாடுகள் வழியாக மேற்கே போய், முஸ்லிம்கள் ஆண்ட ஸ்பெயினுக்குள் நுழைந்தது. 12ஆம் நூற்றாண்டில் செவில் நகரத்தில் வாழ்ந்த இப்னுல் அவ்வாம் என்ற அறிஞர், தமது பெரிய வேளாண்மை நூலில் கரட்டைப் பற்றியும் எழுதியிருக்கிறார். இன்று நாம் காணும் செம்மஞ்சள் நிறக் கரட் ஒல்லாந்து தேசத்துத் தோட்டக்காரர்கள் பிற்காலத்தில் பெருக்கி எடுத்தது.

மலையிலிருந்து வருவதால் மலையில் நடப்பதெல்லாம் நமது சட்டியில் தெரியும். 2021இல் இரசாயன உர இறக்குமதியைத் திடீரென்று நிறுத்தியபோது மலைநாட்டு விவசாயிகள் தவித்தார்கள். 2022இல் எரிபொருள் இல்லாமல் லொறிகள் வரிசையில் நின்றன; படகுகளுக்கும் மண்ணெண்ணெய் இல்லை. 2024 ஜனவரியில் கரட் விலை கிலோ ஆயிரம் ரூபாயைத் தாண்டிப் போனதை மறந்திருக்க மாட்டீர்கள். அப்படியொரு பொருளைக் கரியாக்கி மணலில் வீசுவது வீண்விரயம். சரியாகச் சுடத் தெரிந்துகொள்வோம்.

ஏன் உள்ளே வேகுவதில்லை?

கரட்டைப் பச்சையாக அப்படியே தணலில் போட்டால் வெளியே கரிந்து, உள்ளே கடக்கென்று கடிபடும். காரணம் இதுதான். கரட்டின் நுண்ணறைகளைப் பெக்டின் என்ற பொருள் பசைபோல் ஒட்டிப் பிடித்திருக்கிறது. அது இளக வேண்டுமானால் உள்ளேயும் கிட்டத்தட்டக் கொதிநீரின் சூடு சில நிமிடங்கள் நிற்க வேண்டும். தணலின் சூடோ அதைவிடப் பல மடங்கு. உள்ளே சூடு போய்ச் சேருமுன் தோல் கரிந்துவிடுகிறது. ஆகவே வேலையை இரண்டாகப் பிரித்துக்கொள்ள வேண்டும்: வேகவைப்பது வீட்டில், சுடுவது கடற்கரையில்.

வீட்டில் செய்யவேண்டியது

எட்டுப் பேருக்கு ஒரு கிலோ கரட் போதும். பெருவிரல் பருமனுள்ள நடுத்தரக் கரட்டாகப் பார்த்து எடுங்கள். தடித்ததை நீளவாக்கில் இரண்டாகவோ நாலாகவோ பிளவுங்கள். வட்டமாக வெட்டாதீர்கள், கம்பி இடைவெளியால் தணலில் விழும்.

தண்ணீரில் நன்றாக உப்புப் போட்டுக் கொதிக்க வையுங்கள். கொதித்த பிறகு கரட்டைப் போட்டு ஐந்து அல்லது ஆறு நிமிடம் விடுங்கள். கத்தி முனையால் குத்தினால் சற்றே தடுத்து உள்ளே போகவேண்டும். குழையக் கூடாது. உடனே வடித்து, ஒரு துணியில் பரப்பி ஈரம் போகக் காயவிடுங்கள். ஈரம் இருந்தால் கம்பியில் ஒட்டும், நிறமும் ஏறாது.

பிறகு தேங்காய் எண்ணெய் இரண்டு மேசைக்கரண்டி, மிளகுத்தூள் ஒரு தேக்கரண்டி, வறுத்துப் பொடித்த நற்சீரகம் ஒரு தேக்கரண்டி, மஞ்சள்தூள் ஒரு சிட்டிகை சேர்த்துப் பிரட்டி, மூடியுள்ள பாத்திரத்தில் போட்டுக்கொள்ளுங்கள். உள்ளி, சீனி, பாணி இவற்றை இப்போது சேர்க்காதீர்கள். தணலில் இவைதான் முதலில் கரிந்து கசப்பைத் தரும். உள்ளி நாலு பல்லைத் தட்டி இரண்டு கரண்டி எண்ணெயில் வேறாக ஊறவிடுங்கள். தேசிக்காய் இரண்டு எடுத்துக்கொள்ளுங்கள். கொத்தமல்லித் தழையும் இருந்தால் நல்லது. எண்ணெய் ருசிக்காக மட்டும் அல்ல. கரட்டில் உள்ள கரோட்டின்தான் உடம்பில் விட்டமின் ஏ ஆக மாறுகிறது. கரோட்டின் என்ற பெயரே கரட்டிலிருந்து வந்தது. 1831இல் வாக்கன்ரோடர் என்ற ஜெர்மன் அறிஞர் கரட்டிலிருந்து அதைப் பிரித்தெடுத்தார். அது கொழுப்பில்தான் கரையும். பச்சைக் கரட்டைவிட, வெந்து எண்ணெய் பட்ட கரட்டிலிருந்து உடம்பு அதை நன்றாக எடுத்துக்கொள்கிறது.

கடற்கரையில் செய்யவேண்டியது

துறைமுக வளவுக்குள் அடுப்பு மூட்ட நினைக்காதீர்கள். வெளியே, தோணிகளும் வலைகளும் இல்லாத இடமாகப் பாருங்கள். கடல் அரித்துச் செங்குத்தாக நிற்கும் மண் விளிம்பில் உட்காராதீர்கள். பிள்ளைகளை அணைக் கற்களில் ஏறவிடாதீர்கள். கச்சான் காற்றடிக்கும் மாதங்களில் தீப்பொறி நெடுந்தூரம் பறக்கும். காற்றுக்கு மறைப்பு வையுங்கள், புகை பாயின் பக்கம் போகாதபடி அடுப்பைத் திருப்புங்கள்.

சிரட்டைக் கரி சுருக்காகப் பற்றும், நல்ல சூடு தரும். மண்ணெண்ணெய் ஊற்றிப் பற்றவைத்தால் அந்த வாடை முதலில் ஏறுவது கரட்டில்தான். காய்ந்த தென்னம் பாளையும் பன்னாடையும் போதும். கரையில் கிடக்கும் பழைய படகுப் பலகையை எரிக்கவே வேண்டாம். அதில் உள்ள பெயின்ட் புகையில் நஞ்சாக வரும்.

கரி முழுவதும் சாம்பல் பூத்த பிறகு, கம்பிக்கு ஒரு சாண் மேலே உள்ளங்கையைப் பிடியுங்கள். ஐந்து எண்ணும் வரை தாங்க முடிந்தால் கரட்டுக்கு அதுவே பதமான சூடு. இரண்டு எண்ணுமுன் கையை எடுத்தால் சூடு அதிகம். கரியைப் பரப்பிவிட்டுச் சற்றுப் பொறுங்கள். பிஸ்மில்லாஹ் சொல்லி, கம்பிகளுக்குக் குறுக்காகக் கரட்டை அடுக்குங்கள். இரண்டு நிமிடத்துக்கு ஒருமுறை புரட்டினால் ஏழெட்டு நிமிடத்தில் பொன்னும் கறுப்புமாகக் கோடு விழும். அந்தக் கோடுதான் ருசி. முழுக்கக் கறுக்க வேண்டியதில்லை.

எடுத்ததும் சூட்டோடு உள்ளி எண்ணெயை ஊற்றித் தேசிக்காய் பிழிந்து கொத்தமல்லி தூவுங்கள். பக்கத்தில் ஒரு கோப்பை எருமைத் தயிரில் உப்பும் நறுக்கிய பச்சைக் கொச்சிக்காயும் கலந்து வைத்தால் தொட்டுத் தின்னலாம். பிள்ளைகளின் பங்கில் மட்டும் கொஞ்சம் கித்துள் பாணி தடவிக் கொடுங்கள்.

சீனி வருத்தக்காரருக்கு இனிப்பான கரட் ஆகுமா என்று பலர் கேட்பார்கள். வேகவைத்த கரட் 100 கிராமில் மாச்சத்து ஏறக்குறைய 8 கிராம். அதே அளவு சோற்றில் 28 கிராம் அளவில் இருக்கிறது. பாணி தடவாமல் அளவோடு சாப்பிடலாம். வைத்தியர் வேறு கட்டுப்பாடு சொல்லியிருந்தால் அதைக் கேளுங்கள்.

தணலை அப்படியே விட்டுவிட்டுப் போகாதீர்கள்!

சாப்பிட்டு முடிந்து மஃரிபுக்கு அவசரமாகக் கிளம்பும்போது நம்மவர்கள் செய்யும் ஒரு காரியம் இருக்கிறது: தணலின் மேல் மணலைத் தள்ளி மூடிவிட்டுப் போவது. பார்வைக்கு அணைந்ததுபோல் இருக்கும். மணலுக்கு அடியில் அது மணிக்கணக்காகக் கனன்றுகொண்டே கிடக்கும். அடுத்து அந்த வழியே ஓடிவரும் பிள்ளையின் பாதம், விடியலில் வெறுங்காலோடு வலை இழுக்க வருகிறவரின் பாதம் அதில் படும். கடல் தின்று மிச்சம் விட்ட கொஞ்சக் கரைதான் அந்த மனிதர்களின் தொழிலிடம். அதில் நாம் நெருப்பைப் புதைத்துவிட்டுப் போகலாமா? ஒரு வாளி கடல் நீரை ஊற்றி, கிளறி, திரும்பவும் ஊற்றுங்கள். கையை அருகில் கொண்டுபோனால் சூடு தெரியக்கூடாது. பிறகு கரியை அள்ளிப் பையில் போட்டுக்கொள்ளுங்கள்.

இன்னொன்று. அரைகுறையாக அணைந்த அடுப்பை வேனுக்குள் ஏற்றாதீர்கள். கனலும் கரியிலிருந்து வரும் கார்பன் மொனொக்சைட் வாயுவுக்கு மணமும் இல்லை, நிறமும் இல்லை. கண்ணாடி மூடிய வாகனத்தில் தூங்கும் பிள்ளைகளின் உயிரை அது எடுத்துவிடும்.

கடைசியாக ஒரு வார்த்தை. உல்லாசப் பயணம் என்று சொல்லிக்கொண்டு சமையலறையை அப்படியே கடற்கரைக்கு இடம் மாற்றி, அங்கேயும் குனிந்த தலை நிமிராமல் இருக்கும் சகோதரிகள் எத்தனை பேர்! கரட்டின் பாதி வேலை வீட்டிலேயே முடிந்துவிடும். மீதி ஏழெட்டு நிமிடம்; அதைப் பெரிய மகனோ மகளோ செய்யட்டும். கணவர் மீனைப் பார்க்கட்டும். நீங்கள் முதல் கரட்டை உம்மாவின் தட்டில் வைத்து, இரண்டாவதைத் தோழிக்குக் கொடுத்து, மூன்றாவதை எடுத்துக்கொண்டு பாயில் உட்காருங்கள். வெளிச்சவீட்டுக்கு அப்பால் கடல் நிறம் மாறுவதைச் சூடாறுமுன் பார்த்துக்கொண்டே சாப்பிடுங்கள்.